கண் சிவக்காத குற்றம்

ராயன் மீட்டர்ஸ் கம்பெனியின் தொழிலாளிகளில் கண் சிவக்காதவன் ஒருவன்தான் பாக்கி. அவனைத்தான் வேலையை விட்டு நீக்க வேண்டும் என்று உத்தரவாகியிருந்தது. எதற்காக என்றால், மற்ற எல்லோருக்கும் கண்ணோயைக் கொண்டுவந்து பரப்பியதற்காக.

உத்தரவை வாங்கிக்கொண்டு எம்.டி. அறையிலிருந்து வெளியே வந்த பர்சனல் ஆபீசர் ஸ்ரீநிவாசராகவன், தன் நாற்காலியில் உட்கார்ந்து, நோய் ஒட்டாமலிருக்க மாட்டியிருந்த கூலிங் கிளாஸைக் கழற்றாமலே வெறும் மேஜையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவர் தம் சர்வீஸில் எத்தனையோ குற்றப்பத்திரிகை எழுதியவர். நைட் ஷிப்டில் தூங்கினவன், பித்தளையைத் திருடினவன், சூப்பர்வைசரின் சட்டையைப் பிடித்தவன், பிடித்த சட்டையைக் கிழித்தவன் என்று ஒவ்வொரு குற்றத்துக்கும் அவரிடம் ஒரு வாசகம் தயாராக இருந்தது. நோய் வராதவன் நோயைப் பரப்பினான் என்பதற்கு மட்டும் இல்லை.

இல்லை என்று சொல்லிவிட்டு எழுந்து போகவும் வழியில்லை. ஒர்க்ஸ் மேனேஜர் நாற்காலி ஆடி மாதத்திலிருந்து காலியாகக் கிடந்தது. சுழலும் நாற்காலி. அதோடு கூட ஓர் அம்பாஸிடர் காரும் டிரைவரும். ஸ்ரீபெரும்புதூர்ச் சன்னதித் தெருவிலிருந்து ஒரகடம் சாலைக்குத் தினமும் ஸ்கூட்டரில் வருகிறவருக்கு, அதுவும் சாய்த்துச் சாய்த்து உதைத்தால் ஒழியக் கிளம்பாத ஸ்கூட்டரில் வருகிறவருக்கு, அந்தக் கார் கனவில் வந்து ஹாரன் அடித்துக்கொண்டிருந்தது. கண் சிவக்காத அந்தக் கன்னியப்பனை வெளியே அனுப்பினால் நாற்காலி உங்களுக்கு என்று எம்.டி. சொல்லவில்லை. கன்னியப்பனை அனுப்புங்கள், அப்புறம் உட்கார்ந்து மற்றதைப் பேசுவோம் என்றார். உட்கார்ந்து என்ற சொல்லை ராகவன் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார்.

விவகாரம் ஆரம்பித்தது ஆயுத பூஜைக்குக் கொஞ்சம் முன்னால்.

எம்.டி. தாண்டவராயன் சிங்கப்பூருக்குப் போனது மெஷின் பார்க்க. கொண்டுவந்தது ஒரு கறுப்புக் கண்ணாடியும் அதற்குப் பின்னால் இரண்டு சிவந்த கண்களும். விமானத்தில் தூசி என்றார். விமானத்தில் ஏது தூசி என்று கேட்க ஆளில்லை. கம்பெனியில் வேறு யாரும் விமானத்தில் ஏறியதில்லை.

எண்பத்தொன்றாம் வருஷம் அது. ஏதோ ஒரு வைரஸ், ஆப்பிரிக்காவில் கிளம்பியதாம், கப்பலும் விமானமும் ஏறி ஊர் ஊராக இறங்கிக்கொண்டிருக்கிறது என்று பேப்பரில் போட்டிருந்தார்கள். வடக்கே அதற்கு மெட்ராஸ் ஐ என்று பெயர். மெட்ராஸ்காரர்களும் மறுபேச்சில்லாமல் அந்தப் பெயரை வாங்கி வைத்துக்கொண்டு, அது பம்பாயிலிருந்து வந்தது என்றார்கள். ஒரகடத்தில் கேட்டால் தாம்பரத்திலிருந்து வந்தது. தாம்பரத்தில் கேட்டால் படப்பை பஸ்ஸில் வந்தது. எந்த ஊரிலும் அது அந்த ஊர் நோயாக இருக்கவில்லை.

பூஜை அன்று லாரிக்கு வேகம் காட்டும் மீட்டர் செய்கிற மெஷின்களுக்கெல்லாம் பொட்டு வைத்து மாலை போட்டிருந்தார்கள். எம்.டி. மைக்கைப் பிடித்து, இங்கே முதலாளியும் இல்லை தொழிலாளியும் இல்லை, நாமெல்லாம் ஒரே குடும்பம் என்று பேசினார். போனஸ் பேச்சு நடந்துகொண்டிருந்ததால் குடும்பம் வாயைத் திறக்கவில்லை. பேசி முடித்ததும் அவருக்கே நெஞ்சு நெகிழ்ந்துவிட்டது. ஒவ்வொருவருக்கும் என் கையாலேயே சந்தனம் வைக்கப்போகிறேன் என்று அறிவித்தார்.

டைப்பிஸ்ட் லீலா வெள்ளிக் கிண்ணத்தை ஏந்தி நின்றாள். வரிசை நகர்ந்தது. எம்.டி. விரலைச் சந்தனத்தில் தோய்ப்பார், ஒரு நெற்றியில் வைப்பார், கறுப்புக் கண்ணாடிக்கு அடியில் அதே கையை விட்டுக் கண்ணைத் துடைத்துக்கொள்வார், மறுபடி கிண்ணம். அவர் கண்ணைத் துடைப்பதைப் பார்த்துச் சில பெண்களும் உருகிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். ஆண்கள் நெற்றியிலிருந்து வழிந்ததைத் தொட்டுப் பக்தியோடு கண்ணில் ஒற்றிக்கொண்டார்கள்.

அந்தச் சந்தனத்துக்குத் தப்பியவர்கள் இரண்டே பேர். ராகவன் நெற்றியில் ஏற்கெனவே திருமண் பளிச்சென்று இருந்தது, எம்.டி. இடம் தேடிவிட்டு அவர் உள்ளங்கையில் ஓர் உருண்டையை அப்பினார். அவர் அதை மரியாதையாகக் கொண்டுபோய்க் குழாயடியில் கழுவினார். மற்றவன் கன்னியப்பன். மீட்டரில் முள் சரியாக ஓடுகிறதா என்று பார்க்கிற பெஞ்சில் வேலை, மணிமங்கலத்து ஆள், கறுப்புச் சட்டை, புதுசாகத் தொடங்கிய சங்கத்துக்குச் செயலாளர். எனக்கு இதிலெல்லாம் நம்பிக்கை இல்லை என்று எம்.டி. நீட்டிய விரலுக்கு நேராகச் சொல்லி ஒதுங்கி நின்றான். ஆனால் பொரி, கடலைப் பொட்டலத்தை மட்டும் மறக்காமல் வாங்கிக்கொண்டான். பொரிக்குக் கொள்கை கிடையாது போலிருக்கிறது என்று ராகவன் அப்போதே நினைத்தார்.

பூஜை விடுமுறை முடிந்து திறந்தபோது பாதிப் பேர் வரவில்லை. வந்தவர்கள் வராமலே இருந்திருக்கலாம். மீட்டர் முகத்தில் புள்ளி, கீறல் பார்க்கிற இன்ஸ்பெக்‌ஷன் லைனில் பெண்கள் ஒரு கண்ணால் மீட்டரைப் பார்த்து மறு கண்ணை முந்தானையால் துடைத்தார்கள். ஸ்ரீபெரும்புதூர் பஸ் ஸ்டாண்டில் கூலிங் கிளாஸ் விற்கிறவன் தள்ளுவண்டியோடு கம்பெனி வாசலுக்கே குடிவந்துவிட்டான். வடக்கே இருந்த லாரிக் கம்பெனி, மீட்டர் எங்கே என்று தந்திமேல் தந்தி அடித்தது.

கண் வலியால் மீட்டர் நின்றுவிட்டது என்று பதில் கொடுக்க எம்.டி.க்குக் கௌரவம் இடம் தரவில்லை. தொழிலாளர் தகராறு என்று கொடுத்தார். அப்படியானால் என்ன நடவடிக்கை எடுத்தீர்கள், எங்கள் ஆள் திங்கட்கிழமை நேரில் வருகிறார் என்று பதில் தந்தி வந்தது. தகராறு என்று சொன்ன பிறகு தகராறு செய்தவன் ஒருவன் வேண்டும் அல்லவா. எம்.டி. ராகவனைக் கூப்பிட்டார்.

கண்ணோயைப் பார்த்தால் ஒட்டிக்கொள்ளும் என்பது ஒரகடத்திலிருந்து உலக முடிவு வரை எல்லோருக்கும் தெரிந்த விஷயம். அதனால் எம்.டி. சீலிங் ஃபேனைப் பார்த்துப் பேசினார். ராகவன் காலண்டரைப் பார்த்துப் பதில் சொன்னார். வெளியிலிருந்து யாராவது கவனித்திருந்தால் ஃபேனுக்கும் காலண்டருக்கும் ஏதோ வழக்கு என்று நினைத்திருப்பார்கள்.

"யார் கொண்டாந்தாங்கன்னு கண்டுபிடிங்க ராகவன்," என்றார் எம்.டி. பிறகு, கண்டுபிடிக்கிற சிரமத்தை அவருக்குக் கொடுக்க மனமில்லாமல், "கன்னியப்பன்தான்," என்றார்.

ராகவனுக்கும் ஒரு கணம் சிங்கப்பூர் ஞாபகம் வந்தது. உடனே அவரே அதைத் தள்ளிவிட்டார். எம்.டி.தான் வந்த நாளிலிருந்து கறுப்புக் கண்ணாடியைக் கழற்றவே இல்லையே. அவர் கண்ணை யாரும் பார்க்கவில்லை. பார்க்காத கண்ணிலிருந்து நோய் எப்படித் தாவும்? ஊர் டாக்டரம்மா வேறு மாதிரிச் சொல்லியிருந்தாள். கண்ணைத் தொட்ட கையால் எதையும் தொடாதீர்கள், கையைக் கழுவுங்கள் என்று. "கண்ணைப் பத்திக் கேட்டா கையைப் பத்திச் சொல்றா. இதுக்கு ஒரு ஃபீஸ்," என்று வீட்டில் மனைவி ஹேமாம்புஜத்திடம் அலுத்துக்கொண்டார். ஹேமாம்புஜம் அவருடைய துண்டைத் தனிக் கொடியில் போட்டாள்.

முதல் குற்றப்பத்திரிகை நன்றாகவே வந்தது. மணிமங்கலத்திலிருந்து நோயை எடுத்துவந்து, உள்நோக்கத்தோடு சக தொழிலாளர்களிடையே பரப்பி, உற்பத்திக்கு ஊறு விளைவித்தது. ராகவன் அதை இரண்டு தரம் படித்து ரசித்தார். பிறகு கன்னியப்பனைக் கூப்பிட்டனுப்பினார்.

அவன் கதவைத் திறந்துகொண்டு வந்து நின்றான். ராகவன் முதலில் சுவரைப் பார்த்தார். பிறகு சட்டைப் பொத்தானைப் பார்த்தார். கடைசியில் துணிந்து, கண்ணாடிக்கு மேல் விளிம்பு வழியாக, முகத்தைப் பார்த்தார். உரித்த நுங்கு மாதிரி இரண்டு கண்கள். ஒரு சிவப்பு நரம்பு கிடையாது.

"இன்னா சார், கூப்ட்டீங்களாம்."

"கண் எப்படி இருக்கு?"

"நல்லா கீது சார். விசாரிச்சதுக்கு தாங்க்ஸ்."

"வலி, உறுத்தல்... காலம்பற எழுந்துக்கறச்சே ஒட்டிண்டு..."

"ஒண்ணும் இல்ல சார். கேட்ல கூட்டம் போட்டுச் சொன்னேனே, நீங்க கேக்கலியா? பகுத்தறிவு இருந்தா ஒண்ணும் அண்டாது."

ராகவனுக்கு ரத்தம் கொதித்தது. ஒருத்தனுக்கு நோய் வரவில்லையே என்று இத்தனை ஆத்திரப்படுவோம் என்று அவர் எதிர்பார்த்ததில்லை. பத்திரிகையைத் திரும்ப உறையில் போட்டுக்கொண்டு எம்.டி.யிடம் போய் நிலவரத்தைச் சொன்னார். எம்.டி. ஃபேனை வெகு நேரம் பார்த்தார். இன்றைக்கு இல்லாவிட்டால் நாளைக்கு வரும், வரவேண்டும் என்றார். பிறகு குரலைத் தாழ்த்தி, "வர்ற மாதிரி ஒரு எடத்துல அவனை வைங்களேன்," என்றார்.

வைத்தார். கன்னியப்பனை இன்ஸ்பெக்‌ஷன் லைனுக்கு மாற்றி மெமோ கொடுத்து, சுந்தராம்பாளுக்கு எதிர் ஸ்டூலில் உட்கார வைத்தார். சுந்தராம்பாள் அந்த லைனில் மூத்தவள். கம்பெனியிலேயே அதிகம் சிவந்த கண்கள் அப்போது அவளுடையவை. வெற்றிலை போட்ட வாய் மேலே ஏறிவந்த மாதிரி இருந்தது. வேலை சரியாகக் கற்றுக்கொள்ள வேண்டுமானால் அந்த அம்மாள் முகத்தையே பார்த்துக்கொண்டிரு என்று ராகவன் உத்தரவு போட்டார்.

கன்னியப்பன் பார்த்தான். சளைக்காமல் பார்த்தான். பார்ப்பதால் ஒட்டும் என்பது மூடநம்பிக்கை என்று நிரூபிக்க அவனுக்கும் இது ஒரு வாய்ப்பு. சுந்தராம்பாளுக்குத்தான் பொறுக்கவில்லை.

"இன்னாப்பா இது, பொண்ணு பாக்க வந்தவன் கணக்கா பாத்துக்கினே கீறே. என் வூட்டுக்காரரு கூட இத்தினி நேரம் என்னைப் பாத்ததில்ல."

"சார் ஆர்டர்க்கா. நான் இன்னா பண்றது."

லைன் முழுக்கச் சிரித்தது. சிரித்தவர்களெல்லாம் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். ராகவன் தூணுக்குப் பின்னாலிருந்து சகித்துக்கொண்டார். ஒரு நாள் ஆயிற்று, அடுத்த நாளும் ஆயிற்று. நுங்கு நுங்காகவே இருந்தது.

மூன்றாம் நாள் அவர் நேரில் இறங்கினார். மீட்டர் முகத்தைப் பார்க்க அந்த லைனில் ஒரு லென்ஸ் உண்டு. கிண்ணம் போல இருக்கும். கண்குழியில் பொருத்திக்கொண்டு குனிய வேண்டும். லைனுக்கே இரண்டுதான், கை மாறிக்கொண்டே இருக்கும். சுந்தராம்பாள் தன் கண்ணிலிருந்து எடுத்து நீட்டினாள். கன்னியப்பன் வாங்கவில்லை. எனக்கு வெறுங்கண்ணுக்கே புள்ளி தெரிகிறது, இதை எப்படி மாட்டுவது என்றும் எனக்குப் பழக்கமில்லை, சார் காட்டினால் பார்த்துக்கொள்கிறேன் என்றான்.

ஒரு தொழிலாளி வேலை தெரியாது என்று சொல்லும்போது ஓர் ஆபீசருக்கு வருகிற உற்சாகமே தனி. ராகவன் கூலிங் கிளாஸைக் கழற்றிப் பையில் போட்டார். சுந்தராம்பாளின் முகம் கண்ணில் படாதபடி ஜாக்கிரதையாகத் தலையைத் திருப்பிக்கொண்டார். லென்ஸை வாங்கி, வலது கண்ணில் நன்றாக அழுத்திப் பொருத்தி, குனிந்து, நிமிர்ந்து, பிறகு இடது கண்ணிலும் ஒரு தரம் பொருத்திக் காட்டினார்.

"இவ்ளோதானே சார்," என்றான் கன்னியப்பன். "நான் வெறுங்கண்ணாலயே பாத்துக்கறேன்."

மறுநாள் வெள்ளிக்கிழமை. எம்.டி.க்குப் பொறுமை போய்விட்டது. திங்கட்கிழமை ஆள் வருகிறான், நடவடிக்கை எங்கே? நோய் வராததையே குற்றமாக எழுதினால் என்ன என்று அவர்தான் யோசனை சொன்னார். அந்த உத்தரவை வாங்கிக்கொண்டு வந்துதான் ராகவன் வெறும் மேஜையைப் பார்த்தபடி உட்கார்ந்தார், பிறகு மாலை வரை எழுதினார். கண் லேசாக உறுத்தியது. எழுதின களைப்பு என்று நினைத்துத் தேய்த்துவிட்டுக்கொண்டார். லீலா ஒரு கண்ணை மூடிக்கொண்டு டைப் அடித்துக் கொடுத்தாள். இந்தத் தடவை ஒன்றல்ல, இரண்டு குற்றம். அவருடைய சர்வீஸிலேயே இப்படி ஒரு பத்திரிகை வந்ததில்லை. நாற்காலி சுழலுகிற சத்தம் கேட்டது.

சனிக்கிழமை காலையில் அவருக்குக் கண் திறக்கவில்லை. இரண்டு கண்ணும் பசை வைத்து ஒட்டினாற்போல. ஹேமாம்புஜம் வெந்நீரில் பஞ்சை நனைத்துத் துடைத்துவிட்டாள். திறந்த இடுக்கு வழியாக உலகம் சிவப்பாக, தண்ணீருக்கு அடியில் இருப்பது போலத் தெரிந்தது.

"இன்னிக்குப் போகாட்டா என்னவாம்," என்றாள்.

"என்கொயரி. நான் இல்லாம நடக்காது."

"யாரை என்கொயரி பண்றேள்?"

"கண்ணோய் வராதவனை."

ஹேமாம்புஜம் அவர் நெற்றியைத் தொட்டுப் பார்த்தாள். காய்ச்சல் இல்லை. ஸ்கூட்டர் சாவியை மட்டும் வாங்கி வைத்துக்கொண்டு, பக்கத்து வீட்டுப் பாஷ்யத்தின் காரில் ஏற்றி அனுப்பினாள்.

விசாரணை எம்.டி. அறையிலேயே ஏற்பாடாகியிருந்தது. ஃபேனுக்குக் கீழே எம்.டி., பக்கத்தில் ராகவன், மூலையில் லீலா, நிர்வாகத் தரப்புச் சாட்சியாக சுந்தராம்பாள், எதிரில் கன்னியப்பன். வழக்கப்படி குற்றப்பத்திரிகையை முதலில் உரக்க வாசிக்க வேண்டும்.

ராகவன் காகிதத்தை எடுத்தார். கிட்டே கொண்டுபோனார். தள்ளிப் பிடித்தார். கண்ணாடியைக் கழற்றினார், ஜன்னல் வெளிச்சம் ஊசியாகக் குத்தியது, மாட்டிக்கொண்டார். தாம் எழுதிய மணிமணியான வாசகங்கள் எறும்புச் சாரியாக ஓடின. லீலாவிடம் நீட்டினார். அவளுக்கு இரண்டாவது கண்ணும் நேற்று இரவு மூடிக்கொண்டுவிட்டது. சுந்தராம்பாள், எனக்குக் கண் நன்றாக இருந்த காலத்திலேயே படிக்கத் தெரியாது என்று சொல்லிவிட்டாள். அக்கவுண்டண்ட், ஸ்டோர் கீப்பர், டைம் ஆபீஸ் கிளார்க் எல்லோரும் விடுப்பு. வாசலில் வாட்ச்மேன் இருந்தான், கண்ணைக் கட்டியிருந்தான்.

கடைசியில் காகிதம் எம்.டி. பக்கம் போயிற்று. சிவப்புப் போயிருந்தாலும் அவருக்கு எழுத்து இன்னும் புகைக்குப் பின்னாலிருந்துதான் தெரிந்தது. ஒரு வாரமாகச் செக்கில் கையெழுத்துப் போடுவதே தடவித்தான். ஆனால் அவருக்கு வந்தது விமானத் தூசி. தூசி விழுந்தவனுக்கு இத்தனை நாள் கழித்து எழுத்துத் தெரியவில்லை என்று எப்படிச் சொல்வது? படிப்பது என் வேலை இல்லை என்று காகிதத்தைத் தள்ளிவிட்டார்.

காகிதம் மேஜையில் சறுக்கிக் கன்னியப்பன் முன்னால் போய் நின்றது.

"குடுங்க சார், நான் படிக்கறேன்," என்றான் கன்னியப்பன்.

குற்றம் சாட்டப்பட்டவனே குற்றப்பத்திரிகையைப் படிப்பதற்குக் கம்பெனி விதிகளான நிலையாணையில் தடை இருக்கிறதா என்று ராகவன் மனசுக்குள் புரட்டிப் பார்த்தார். தடை இல்லை. இப்படி ஒரு நிலைமையை நிலையாணை எழுதினவன் நினைத்தே பார்க்கவில்லை. கொடுத்தார்.

கன்னியப்பன் தொண்டையைச் செருமிக்கொண்டான். கேட் கூட்டத்துக் குரல் அது. மூடிய கண்களுக்கு நன்றாகவே கேட்டது.

"குற்றம் ஒன்று. கம்பெனியின் தொழிலாளர்கள் அனைவரும் கண்ணோயால் பாதிக்கப்பட்டிருந்த காலத்தில், தாங்கள் ஒருவர் மட்டும் மேற்படி நோய்க்கு உட்படாமல் இருந்தது. அதன் மூலம், நோய் வரும் வழியைத் தாங்கள் முன்கூட்டியே அறிந்திருந்தும் நிர்வாகத்துக்குத் தெரிவிக்காமல் மறைத்தது."

ராகவன் இருட்டில் தலையை ஆட்டினார். கேட்கக் கேட்க நன்றாக இருந்தது.

"குற்றம் இரண்டு. ஆயுத பூஜை அன்று மாண்புமிகு நிர்வாக இயக்குநர் தம் திருக்கரத்தால் வழங்கிய சந்தனத்தை மற்றத் தொழிலாளர்கள் அனைவரும் பெற்றுக்கொண்டிருக்க, தாங்கள் ஒருவர் மட்டும் பெற மறுத்தது."

கன்னியப்பன் நிறுத்தினான். நிறுத்தினதில் ஒன்றும் உள்நோக்கம் இல்லை, பத்திரிகை அவ்வளவுதான். ஆனால் இரண்டு குற்றமும் பக்கத்தில் பக்கத்தில் வந்து நின்றுகொண்டன. காகிதத்தில் டைப் அடித்தபோது லீலாவுக்குப் படவில்லை. எழுதியபோது ராகவனுக்கும் படவில்லை. பார்க்க முடியாமல் காதால் மட்டும் கேட்டபோது எல்லோருக்கும் பட்டது.

முதலில் வாயைத் திறந்தது சுந்தராம்பாள். சாட்சி சொல்லத்தானே வந்திருந்தாள். "அப்போ சந்தனம் வாங்கின எல்லாருக்கும் வந்துச்சு. வாங்காதவனுக்கு வரல," என்றாள், வெங்காயக் கணக்குப் போடுகிற மாதிரி. சற்றுப் பொறுத்து, "மொதலாளி கண்ணைத் தொடச்சுக்கினு தொடச்சுக்கினு வச்சாரு," என்று சேர்த்துக்கொண்டாள்.

எம்.டி.யின் நாற்காலி கிறீச்சிட்டது. "அப்படியா எழுதியிருக்கு? சந்தனம்னா எழுதியிருக்கு? நீ உன் இஷ்டத்துக்குச் சேத்துப் படிக்கறே."

"எழுதினதைத்தான் சார் படிச்சேன்."

"படிச்சது நீ. அதுல என்ன இருக்குன்னு எங்களுக்கு எப்படித் தெரியும்? இதுல நாங்க எப்படிக் கையெழுத்துப் போடறது?"

கன்னியப்பன் காகிதத்தை மேஜைமேல் வைத்தான். அவன் குரலில் கேட் கூட்டம் இல்லை.

"நாங்க அப்டித்தான் சார் போட்டுக்கினு கீறோம். வேலைக்குச் சேந்த அன்னிலேருந்து எல்லாம் இங்கிலீஷ்ல நீட்டுவீங்க. இங்க போடு, இங்க போடுன்னு ராகவன் சார் வெரலால காட்டுவாரு. சுந்தராம்பாக்கா கட்டை வெரல வைக்கும். அதுல இன்னா இருந்துச்சுன்னு எங்களுக்கு இன்னி வரைக்கும் தெரியாது. அதுக்குத்தான் சங்கம்னு ஒண்ணு வச்சிக்கினு கீறோம்."

ராகவன் இருக்கிற பக்கமாக எம்.டி. திரும்பினார். இவன் சேர்த்துப் படித்தான் என்று நீங்கள் ஒரு வார்த்தை சொன்னால் போதும், மற்றதை நான் பார்த்துக்கொள்கிறேன் என்றார்.

ஒரு வார்த்தைதான். அம்பாஸிடர் வாசலிலேயே நிற்கிற மாதிரி இருந்தது. ராகவனுக்கு நீதி நியாயத்தில் பெரிய பிடிப்பு ஒன்றும் கிடையாது. ஆனால் 'தம் திருக்கரத்தால்' என்ற இடத்துக்காக அவர் நேற்று எவ்வளவு நேரம் பேனாவைக் கடித்துக்கொண்டிருந்தார். அதைப் போய் மீட்டர் பெஞ்சில் வேலை செய்கிறவன் வாய்க்கு வந்தபடி இட்டுக்கட்டினான் என்று சொல்வதா? முடியவில்லை.

"இல்லை சார். அவன் ஒரு எழுத்தும் சேர்க்கலை," என்றார். "அது என் டிராஃப்ட்."

விசாரணை அத்தோடு ஒத்திவைக்கப்பட்டது. எம்.டி. கதவைத் தேடிக் கண்டுபிடித்து, பலமாகச் சாத்திக்கொண்டு போனார்.

ராகவன் சுவரைத் தடவிக்கொண்டு வராந்தாவுக்கு வந்தார். பாஷ்யத்தின் கார் எப்போதோ போய்விட்டது. பஸ் நிறுத்தம் வரை எப்படிப் போவது என்று நின்றபோது ஒரு கை அவர் கையைப் பிடித்தது. வாங்க சார், ஏத்தி விடறேன் என்றான் கன்னியப்பன். இவனைப் போய் இத்தனை நாள் படாத பாடு படுத்தினோமே என்று ராகவனுக்கு மனசு இளகியது. செய்ய முடிந்த ஒரே உபகாரத்தைச் செய்தார். வழி நெடுகத் தம் முகத்தை அவனுக்குக் காட்டாமல் வயல் பக்கம் திருப்பியே வைத்துக்கொண்டார். நடுநடுவே கண்ணைத் துடைத்துக்கொண்டு, துடைத்த கையால் அவன் கையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். லாரி ஒன்று போய்ப் புழுதி கிளம்பியது. கன்னியப்பன் விடுவித்துக்கொண்ட கையால் முகத்தைத் துடைத்தான்.

திங்கட்கிழமை லாரிக் கம்பெனி ஆள் வரவில்லை. அங்கேயும் லைன் முழுக்கக் கண் சிவந்து கிடக்கிறதாம். மீட்டர் இப்போதைக்கு அவசரமில்லை என்று தந்தி. மெட்ராஸிலிருந்து வந்த பெட்டிகளோடுதான் நோய் வந்திருக்க வேண்டும் என்று சந்தேகிப்பதாகவும் அதில் ஒரு வரி இருந்தது.

ராகவனுக்குக் கண் பிரிந்து எழுத்துத் தெரிய ஆரம்பித்த அன்று மேஜையில் முதலில் இருந்தது கன்னியப்பனின் விடுப்புச் சீட்டு. காரணம்: கண்ணோய். அவர் அதை இரண்டு தரம் படித்தார். படித்துக்கொண்டிருக்கும்போதே டெலிபோன் அடித்தது. எம்.டி.யின் குரலில் இப்படி ஒரு சந்தோஷத்தை அவர் சிங்கப்பூர்ப் பயணத்துக்கு அப்புறம் கேட்டதில்லை.

"பாத்தீங்களா ராகவன்? சந்தனம் வாங்காதவனுக்கும் வந்துடுச்சு. அப்ப சந்தனம் காரணம் இல்ல. அவன்தான் கொண்டாந்திருக்கான். அந்தப் பழைய சார்ஜ் ஷீட்டை எடுங்க, புதுசா ஒண்ணு போடுங்க. அப்புறம் உக்காந்து மத்ததைப் பேசுவோம்."

ராகவன் புதுக் காகிதம் ஒன்றை எடுத்தார். பேனா மூடியைத் திருகினார். மறுபடி முதலிலிருந்து. கண்ணோரத்தில் இன்னும் கொஞ்சம் நமைச்சல் இருந்தது. தேய்க்கப்போன கையை நடுவழியில் நிறுத்தி, டெலிபோனை மறு காதுக்கு மாற்றிக்கொண்டார்.

"போட்டுடலாம் சார்," என்றார். "கம்பெனியில முதல் கண் எந்தத் தேதியில சிவந்ததுன்னு போடணும்?"

அவர் கேட்டது வெறும் ஆபீஸ் கேள்வி. குற்றப்பத்திரிகை என்றால் தேதி இல்லாமல் முடியாது. ஆனால் எதிர்முனையில் பேச்சு நின்றுவிட்டது. ராகவன் பேனாவைப் பிடித்தபடி காத்திருந்தார். தூரத்தில் ஒரு ஃபேன் ஓடுகிற சத்தம் மட்டும் கேட்டது. அப்புறம் டெலிபோனை வைக்கிற சத்தம்.

அவர் பேனாவை மூடவில்லை. விடுப்புச் சீட்டைக் கிட்டே இழுத்து, 'அனுமதிக்கப்பட்டது' என்று எழுதி, தேதி போட்டார். பிறகு எழுந்து குழாயடிக்குப் போய்க் கையைக் கழுவினார்.